கயானா: கரும்புத் தோட்டம் பிரித்த மக்கள், எண்ணெய் வந்த காலம்

கயானாவின் தலைநகரம் ஜார்ஜ்டவுன். அங்கே ஓதம் ஏறும்போது நகரத்தின் தெருக்கள் கடல் மட்டத்துக்குக் கீழே போய்விடும். கடலோரமாக நீண்ட சுவர், ஊருக்குள் குறுக்கும் நெடுக்குமாக வாய்க்கால்கள், வாய்க்கால் கடலைச் சேரும் இடத்தில் மதகு. இந்த மதகை அங்கே கோக்கர் என்பார்கள். கடல் வற்றும் நேரத்தில் கோக்கரைத் தூக்கி மழைத் தண்ணீரை வெளியே விடுவார்கள், ஏறும் நேரத்தில் இறக்கி அடைப்பார்கள். தலைமுறை தலைமுறையாக நடக்கும் வேலை இது. 2005 ஜனவரியில் பெருமழை கொட்டி, வடிகால் தாக்குப்பிடிக்காமல் போனபோது, நாட்டு மக்களில் மூன்றில் ஒரு பங்குக்கு மேல் பாதிக்கப்பட்டார்கள். எலிக்காய்ச்சலில் செத்தவர்களும் உண்டு.

தென் அமெரிக்காவின் வடக்குக் கரையில், வெனிசுவேலாவுக்கும் சூரினாமுக்கும் நடுவே இருக்கிறது இந்த நாடு. அந்தக் கண்டத்தில் ஆங்கிலத்தை ஆட்சிமொழியாகக் கொண்ட ஒரே நாடு. பரப்பளவு சுமார் 2,15,000 சதுர கிலோமீட்டர், மக்கள்தொகை 8 லட்சத்துக்கு மேல். அதில் பத்தில் ஒன்பது பேர் அந்த ஒல்லியான கடலோரப் பட்டையில்தான் வாழ்கிறார்கள். உள்ளே காடு, ஆறு, புல்வெளி.

இப்போது கயானா செய்தியில் அடிபடுவது எண்ணெயால். தேர்தல் வந்தால் இன்னொரு காரணத்துக்காகவும் அடிபடும். இந்திய வம்சாவளியினர் பெரும்பாலும் ஒரு கட்சிக்கும், ஆப்பிரிக்க வம்சாவளியினர் பெரும்பாலும் இன்னொரு கட்சிக்கும் நெடுங்காலமாக ஓட்டுப் போட்டு வந்தார்கள். 2012 கணக்கெடுப்பின்படி முதல் பிரிவினர் 39.8 சதவீதம், இரண்டாமவர் 29.3 சதவீதம், கலப்பு வம்சாவளியினர் 20 சதவீதத்தை ஒட்டி, பூர்வகுடிகள் 10.5 சதவீதம். இந்தப் பிளவை ஏதோ இயற்கையான இனப்பகை போல எழுதுகிறவர்கள் உண்டு. எனக்கு அதில் உடன்பாடில்லை. ஒருவரையொருவர் பார்த்தே இராத இரண்டு மக்கள் கூட்டம், ஒரே தோட்டத்தில், ஒரே மண்வெட்டியை அடுத்தடுத்துப் பிடித்தவர்கள். அவர்களுக்கு நடுவில் பகையை வளர்த்தது கூலிக் கணக்கு. அதை ஆண்டு வாரியாகவே காட்ட முடியும்.

சேற்றைத் தோண்டியவர்கள்

டச்சுக்காரர்கள் 1616இல் எஸ்ஸெக்கிபோ ஆற்றிலும் 1627இல் பெர்பீஸ் ஆற்றிலும் கால் பதித்தார்கள். முதலில் ஆற்றின் மேல்பகுதியில்தான் தோட்டங்கள். அங்கே மண் சீக்கிரம் சத்திழந்துவிட்டதால் 18ஆம் நூற்றாண்டில் கடலோரச் சேற்றுக்கு இறங்கி வந்தார்கள். அலையாத்திக் காடும் களிமண்ணும் மண்டிய அந்த நிலம் கரும்புக்கு அருமையான நிலம். ஆனால் முன்னால் கடல், பின்னால் சதுப்பு. ஆகவே ஒவ்வொரு தோட்டத்துக்கும் கடல் பக்கம் ஓர் அணை, பின்பக்கம் ஓர் அணை, இரண்டு பக்கவாட்டிலும் அணை. நடுவில் மேல்மட்ட வாய்க்கால் ஒன்று, பாசனத்துக்கும் வெட்டிய கரும்பைத் தட்டையான படகில் ஏற்றி ஆலைக்கு இழுத்துப் போவதற்கும். ஓரங்களில் கீழ்மட்ட வாய்க்கால்கள், வடிகாலுக்கு. கோவேறு கழுதைகளும் மாடுகளும் இழுத்த அந்தப் படகுகளைப் பிற்பாடு டிராக்டர் இழுத்தது. மற்றபடி ஏற்பாடு இன்றும் அதேதான்.

ஒரு சதுர மைல் கரும்புக்கு 49 மைல் வடிகாலும் 16 மைல் மேல்மட்ட வாய்க்காலும் வேண்டும் என்று 1940களின் இறுதியில் வந்த ஒரு பிரிட்டிஷ் விசாரணைக் குழு கணக்குப் போட்டது. இதை முதலில் உருவாக்கக் குறைந்தது 10 கோடி டன் மண்ணைத் தூக்கிப் போட்டிருக்க வேண்டும் என்றும் சொன்னது. கயானாவின் வரலாற்று ஆய்வாளர் வால்டர் ராட்னி இந்த எண்ணை எடுத்து, அதற்குப் பின்னால் இருந்த உடம்புகளைக் காட்டினார். எந்திரம் இல்லாத காலம். இடுப்பளவு தண்ணீரில் நின்று, நீளக் கைப்பிடி வைத்த மண்வாரியால் ஈரக் களிமண்ணை அள்ளி வீசியவர்கள் ஆப்பிரிக்க அடிமைகள். கயானாவின் கடற்கரை மனிதர் கையால் செய்யப்பட்டது என்று சொன்னால் அதில் மிகை ஒன்றும் இல்லை.

1763 பிப்ரவரியில் பெர்பீஸ் அடிமைகள் எழுந்தார்கள். தலைவர் பெயர் கஃபி. ஏறத்தாழ ஒரு வருடம் காலனியின் பெரும்பகுதி அவர்கள் கையில் இருந்தது. காலனியைப் பாதியாகப் பிரித்துக்கொள்ளலாம் என்று கஃபி டச்சு ஆளுநருக்கே கடிதம் எழுதினார். உள்சண்டையும் கப்பலில் வந்திறங்கிய படையும் எழுச்சியை முடித்துவைத்தன. ஓடிய அடிமைகளைக் காட்டுக்குள் தேடிப் பிடிக்க டச்சுக்காரர்கள் பூர்வகுடிகளுக்குப் பரிசும் பொருளும் கொடுத்துப் பயன்படுத்தினார்கள். ஒரு கூட்டத்தை இன்னொரு கூட்டத்தின் மேல் ஏவும் வேலை அப்போதே தொடங்கிவிட்டது. கஃபி எழுந்த பிப்ரவரி 23தான் இன்று கயானாவின் குடியரசு நாள்.

பிறகு பிரிட்டிஷார் வந்தார்கள். 1814இல் எஸ்ஸெக்கிபோ, டெமரரா, பெர்பீஸ் என்ற மூன்று காலனிகளும் முறைப்படி கைமாறின, 1831இல் பிரிட்டிஷ் கயானா என்று ஒன்றாயின. நடுவில் 1823இல் டெமரராவில் பத்தாயிரத்துக்கும் மேற்பட்ட அடிமைகள் கிளர்ந்தார்கள். எழுச்சி தொடங்கிய தோட்டங்களில் முக்கியமானது 'சக்சஸ்'. அதன் சொந்தக்காரர் லிவர்பூல் வணிகர் ஜான் கிளாட்ஸ்டன். பிற்காலத்தில் நான்கு முறை பிரிட்டிஷ் பிரதமரான வில்லியம் கிளாட்ஸ்டனின் அப்பா. இந்தப் பெயரை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள், அடுத்த கட்டத்திலும் இவர்தான் வருகிறார்.

விடுதலையும் அதற்கு மூன்று மாதம் முன்பும்

பிரிட்டிஷ் பேரரசில் அடிமை முறை 1834இல் ஒழிந்தது. ஒழிந்தது என்றாலும் 'பயிற்சிக் காலம்' என்ற பெயரில் மேலும் நான்கு வருடம் அதே தோட்டத்தில் வேலை செய்ய வேண்டியிருந்தது. முழு விடுதலை 1838 ஆகஸ்ட் 1இல். இழப்பீடு கொடுத்தார்கள், அடிமைகளுக்கு அல்ல, உடைமையாளர்களுக்கு. ஜான் கிளாட்ஸ்டன் சுமார் 2,500 மனிதர்களுக்கு ஈடாக ஒரு லட்சம் பவுண்டுக்கு மேல் வாங்கினார்.

விடுதலை நாள் வருவதற்கு முன்பே அவர் மாற்று ஏற்பாட்டில் இறங்கிவிட்டார். 1836 ஜனவரியில் கல்கத்தாவில் இருந்த கில்லாண்டர்ஸ் ஆர்பத்நாட் நிறுவனத்துக்கு எழுதி, மொரிஷியசுக்கு ஆள் அனுப்புவதுபோல் தனக்கும் கூலிகளை அனுப்ப முடியுமா என்று கேட்டார். வந்த பதிலின் சாரம் இது: அனுப்புவதில் சிரமம் இருக்காது, ஏனென்றால் எந்த இடத்துக்குப் போகிறோம், எவ்வளவு தூரப் பயணம் என்பதெல்லாம் அந்த மக்களுக்குத் தெரியவே தெரியாது. இதைவிட வெளிப்படையாக ஒரு வணிகக் கடிதம் இருக்க முடியுமா என்று தெரியவில்லை. 1838 மே 5 அன்று விட்பி, ஹெஸ்பெரஸ் என்ற இரண்டு கப்பல்கள் 396 இந்தியர்களைக் கொண்டுவந்து இறக்கின. அதாவது ஆப்பிரிக்கர்கள் முழு விடுதலை பெறுவதற்கு ஏறத்தாழ மூன்று மாதம் முன்பு.

அந்த மூன்று மாதத்தில்தான் இந்த நாட்டின் அடுத்த நூற்றைம்பது வருடச் சிக்கல் அடங்கியிருக்கிறது.

விடுதலையானவர்கள் என்ன செய்தார்கள்? சேர்த்துவைத்த காசைப் போட்டு நிலம் வாங்கினார்கள். 1839 நவம்பரில் 83 பேர் சேர்ந்து நார்த்புரூக் என்ற கைவிடப்பட்ட தோட்டத்தை வாங்கி விக்டோரியா என்று பெயர் வைத்தார்கள். நாணயங்களைத் தள்ளுவண்டியில் கொண்டுபோய்க் கொடுத்தார்கள் என்று அந்த ஊரில் இன்றும் சொல்வார்கள். அடுத்த வருடம் பக்ஸ்டன். இப்படியே கிராமம் கிராமமாக எழுந்தது. தோட்ட முதலாளிகளுக்கு இது ஆகவில்லை. சொந்தக் காலில் நிற்பவன் குறைந்த கூலிக்கு வரமாட்டான் அல்லவா. கூட்டாக நிலம் வாங்குவதைக் கட்டுப்படுத்தும் சட்டங்கள் 1850களில் வந்தன. அதைவிடக் கொடிய ஆயுதம் தண்ணீர். பெரிய வடிகால் அமைப்பு தோட்டத்தின் கையில். கிராமத்துக்கோ சொந்தமாகக் கோக்கர் கட்டவும் அணை பராமரிக்கவும் வசதி கிடையாது. பக்கத்துத் தோட்டக்காரன் தன் தண்ணீரைத் திருப்பிவிட்டால் கிராமத்து மரவள்ளியும் வாழையும் அழுகிப்போகும். வடிகாலுக்கென்று போட்ட வரியை எதிர்த்து, தண்டவாளத்தில் இறங்கி ஆளுநர் வந்த ரயிலையே நிறுத்திய கதையை பக்ஸ்டன் மக்கள் பெருமையாகச் சொல்வார்கள்.

கூலிக்காகவும் போராடினார்கள். 1842இல் முதலாளிகள் கூலியைக் குறைத்தபோது வேலைநிறுத்தம் செய்து வென்றார்கள். 1848இல் மறுபடி கூலிக் குறைப்பு, மறுபடி வேலைநிறுத்தம். இந்த முறை தோற்றார்கள். இடைப்பட்ட ஆறு வருடத்தில் என்ன மாறியது? ஒப்பந்தக் கூலிகள் வந்து சேர்ந்திருந்தார்கள். முதல் கப்பலில் வந்தவர்களுக்கு நேர்ந்த சவுக்கடிகள் வெளியே தெரிந்து ஆள் அனுப்புவது சில வருடம் நின்றுபோயிருந்தது, 1845இல் மீண்டும் தொடங்கியது. மதெய்ராத் தீவிலிருந்து போர்த்துகீசியரும் வந்தார்கள். ஒப்பந்தத்தில் கட்டுண்டவர் வேலைநிறுத்தம் செய்தால் சிறை. ஆகவே சுதந்திரமானவனின் வேலைநிறுத்தத்தை, சுதந்திரம் இல்லாதவனை வைத்து உடைத்தார்கள்.

இதில் இன்னும் ஒரு கொடுமை உண்டு. இந்தியர்களை ஏற்றிவந்த செலவில் ஒரு பெரும் பங்கு காலனியின் பொதுக் கருவூலத்திலிருந்து போனது. அந்தக் கருவூலத்தை நிரப்பியது, மக்கள் வாங்கும் இறக்குமதி உணவுப் பொருட்களின் மேல் போட்ட வரி. தங்கள் கூலியைக் குறைக்க வருகிறவர்களுக்கான கப்பல் கட்டணத்தை விடுதலையான ஆப்பிரிக்கர்களே கட்டினார்கள். இந்தியர்கள் மேல் அவர்களுக்குக் கோபம் வந்தது என்றால், அந்தக் கோபம் யார் மேல் திரும்பியிருக்க வேண்டும் என்பது நமக்கு இன்று தெளிவாகத் தெரிகிறது. அன்று தோட்டத்தில் நின்றவர்களுக்கு அப்படித் தெரிய வழியில்லை.

மறுபக்கம் இந்தியர்கள் நிலைமை. ஐந்து வருட ஒப்பந்தம். தோட்டத்தை விட்டு வெளியே போகச் சீட்டு வேண்டும். வேலைக்கு வராவிட்டால் குற்றவியல் வழக்கு. தங்க இடம், முன்பு அடிமைகள் இருந்த அதே வரிசைக் கொட்டடிகள். 1917 வரை 2,38,909 பேர் இப்படி வந்தார்கள், ஏறத்தாழ மூன்றில் ஒரு பங்கினர் திரும்பிப் போனார்கள். மற்றவர்கள் தங்கி, திரும்பும் பயணத்துக்குப் பதிலாகக் கிடைத்த அல்லது சொந்தமாக வாங்கிய துண்டு நிலத்தில் நெல் போட்டார்கள். கரும்புக்கு அடுத்த ஏற்றுமதிப் பயிராக நெல் எழுந்தது அவர்கள் கையால்தான்.

இப்படித்தான் பிரிந்தார்கள். ஆப்பிரிக்கர்கள் கிராமத்திலிருந்து நகரத்துக்கு, பள்ளிக்கூட வேலைக்கு, போலீசுக்கு, அரசாங்க அலுவலகத்துக்கு, பிற்பாடு பாக்சைட் சுரங்கத்துக்கு. இந்தியர்கள் தோட்டத்திலும் வயலிலும். சில்லறைக் கடை போர்த்துகீசியரிடமும் சீனரிடமும். ஆளுக்கொரு தொழில், ஆளுக்கொரு ஊர். வேலைநிறுத்தம் செய்யும் இந்தியத் தொழிலாளியைச் சுட வரும் காவலர் பெரும்பாலும் ஆப்பிரிக்கர். அப்புறம் நம்பிக்கை எங்கே வளரும்?

மதராசிலிருந்து போனவர்கள்

இந்தக் கூட்டத்தில் பெரும்பாலோர் இன்றைய உத்தரப் பிரதேசம், பீகார் பக்கத்தவர்கள். மதராஸ் துறைமுகத்திலிருந்து கப்பலேறியவர்கள் சுமார் 15,000 பேர், தமிழரும் தெலுங்கரும். எண்ணிக்கை சிறிது. ஆனாலும் அவர்கள் விட்டுச்சென்ற தடம் சிறிது அல்ல. நாகமுத்து, பெருமாள், வீரசாமி என்ற பெயர்கள் குடும்பப் பெயர்களாக நிற்கின்றன. 2015 முதல் 2020 வரை பிரதமராக இருந்தவர் மோசஸ் நாகமுத்து. மேற்கிந்தியத் தீவுகளுக்கு ஆடிய சுழற்பந்து வீச்சாளர் ஒருவர் பெயர் வீரசாமி பெருமாள்.

பெர்பீஸ் பக்கம் போனால் காளிமாய் கோயில்கள். ஞாயிற்றுக்கிழமை பூசை. கும்பிடுவது மாரியம்மனை, கூடவே மதுரை வீரன், சங்கிலிக் கருப்பன், காட்டேரி. தப்பு அடிப்பார்கள், உடுக்கை உண்டு, மஞ்சள் தண்ணீரும் வேப்பிலையும் உண்டு. சாமி வந்து ஆடுகிறவரிடம் நோய்க்கு வழி கேட்பார்கள். பூசாரி தமிழ்ப் பாட்டுப் பாடுவார். தலைமுறைகள் கடந்து வாய்வழியாக வந்த பாட்டு, பாடுகிறவருக்குச் சொல்லுக்குச் சொல் பொருள் தெரியாது. வடஇந்திய வழி வந்த வைதீக இந்துக்கள் இந்த வழிபாட்டை நெடுங்காலம் கீழாகவே பார்த்தார்கள். ஆனால் குணம் தேடி வரிசையில் நிற்பவர்களில் ஆப்பிரிக்க வம்சாவளியினரும் இருப்பார்கள். இனக் கணக்கை மட்டும் வைத்து இந்த நாட்டைப் படிக்கிறவர்களுக்கு அந்த வரிசை பிடிபடாது.

சாப்பாட்டிலும் அப்படித்தான். கிறிஸ்துமஸ் காலையில் எந்த வீட்டுக்குப் போனாலும் பெப்பர்பாட் கொதிக்கும். அதன் உயிர் கசரீப் என்ற கறுப்புக் குழம்புச்சாறு. கசப்பு மரவள்ளியைத் துருவிப் பிழிந்தால் வரும் சாறு விஷம், சயனைடு உள்ளது. அதைக் கெட்டியாகும் வரை காய்ச்சினால் விஷம் முறிந்து, இறைச்சியைக் கெடாமல் வைக்கும் பொருளாக மாறிவிடும். இந்த நுட்பம் பூர்வகுடிகளுடையது. பானையைத் தினமும் ஒருமுறை கொதிக்க வைத்தால் நாள்கணக்கில் வைத்துச் சாப்பிடலாம். இந்துக் கல்யாண வீட்டில் ஏழு கறிச் சாப்பாடு, பெரிய நீரல்லி இலையில் சோறும் பருப்பும் பூசணி, கொண்டைக்கடலை, மாங்காய் என்று ஏழு வகையும். அதற்கு முந்திய இரவில் மேளம், பெண்கள் ஆட்டம். ஆப்பிரிக்க வீட்டுக் கல்யாணத்துக்கு முன்னிரவில் க்வே க்வே பாட்டு, வட்டமாகச் சுற்றி ஆட்டம். தீபாவளி, ஹோலி, பக்ரீத், ஈஸ்டர் எல்லாமே அரசு விடுமுறை.

கிரிக்கெட்டுக்கு ஒரே ஒரு ஊரைச் சொன்னால் போதும். போர்ட் மொரன்ட். பெர்பீஸ் பக்கத்துக் கரும்புத் தோட்டம். ரோஹன் கன்ஹாய், பேசில் புட்சர், ஜோ சாலமன், ஆல்வின் காளிச்சரண் எல்லாரும் அங்கிருந்து வந்தவர்கள். 1960இல் பிரிஸ்பேனில், இரண்டு அணியின் ஓட்டமும் சமமாக முடிந்த முதல் டெஸ்டில் கடைசி விக்கெட்டை நேரடியாக ஸ்டம்பில் எறிந்து வீழ்த்தியது இந்த சாலமன்தான்.

புக்கரின் கயானாவும் உடைந்த கட்சியும்

அதே போர்ட் மொரன்டில் 1918இல் பிறந்தவர் செட்டி ஜகன். கைக்குழந்தைகளாகக் கப்பலில் வந்தவர்களின் மகன். அமெரிக்காவில் பல் மருத்துவம் படித்துத் திரும்பியபோது நாட்டின் சர்க்கரைத் தொழிலில் பெரும்பகுதி புக்கர் நிறுவனத்தின் கையில் இருந்தது. கப்பலும் கடையும் மருந்தும் ரம்மும்கூட அவர்களுடையவை. பிற்காலத்தில் இலக்கியப் பரிசு தொடங்கிய அதே புக்கர். 'புக்கரின் கயானா' என்றே மக்கள் சொன்னார்கள்.

1948இல் என்மோர் தோட்டத்தில் வேலைநிறுத்தம். கரும்பை வெட்டிப் போட்டால் போதும் என்றிருந்ததை மாற்றி, வெட்டியவனே படகில் ஏற்றவும் வேண்டும் என்றார்கள். முதுகொடியும் வேலை. ஜூன் 16 அன்று போலீஸ் சுட்டதில் ஐந்து பேர் இறந்தார்கள். சடலங்களோடு ஜார்ஜ்டவுன் வரை நடந்துபோன ஊர்வலத்தில் ஜகனும் அவர் மனைவி ஜேனட்டும் முன்னால் போனார்கள். 1950இல் மக்கள் முற்போக்குக் கட்சி பிறந்தது. ஜகனோடு சேர்ந்து நின்றவர் ஆப்பிரிக்க வம்சாவளி வழக்கறிஞர் ஃபோர்ப்ஸ் பர்ன்ஹாம். 1953இல் வயது வந்தோர் எல்லாருக்கும் வாக்குரிமை கிடைத்த முதல் தேர்தலில் 24 இடங்களில் 18ஐ அள்ளினார்கள். தோட்டத்து இந்தியரும் நகரத்து ஆப்பிரிக்கரும் ஒரே கட்சிக்கு ஓட்டுப் போட்டார்கள். இதை அடிக்கோடிட்டுச் சொல்ல வேண்டும். தீராத இனப்பகை என்றால் 1953 நடந்திருக்க முடியாது.

அந்த ஆட்சி 133 நாள்தான். கம்யூனிச அபாயம் என்று சொல்லி சர்ச்சில் அரசாங்கம் படையை அனுப்பி அரசியல் சட்டத்தையே முடக்கியது. 1955இல் ஜகன் ஒரு பக்கம், பர்ன்ஹாம் ஒரு பக்கம் என்று கட்சி உடைந்தது. உடைப்பு முதலில் கொள்கையும் தலைமையும் பற்றியது, வெகு சீக்கிரம் இனமாக உறைந்துவிட்டது. 1957, 1961 இரண்டிலும் ஜகன் வென்றார். கியூபாவுக்குப் பிறகு இன்னொன்று வேண்டாம் என்று கென்னடி அரசாங்கம் முடிவெடுத்தது. சிஐஏ பணமும் அமெரிக்கத் தொழிற்சங்கங்களின் பணமும் ஜகனுக்கு எதிரான 80 நாள் வேலைநிறுத்தத்துக்குள் பாய்ந்தன. பின்னாளில் வெளியான அமெரிக்க ஆவணங்களே இதைச் சொல்கின்றன. 1964 மே மாதம் விஸ்மரில் இந்தியர்களின் வீடுகள் எரிந்தன, பெண்கள் வன்கொடுமைக்கு ஆளானார்கள். ஜூலையில் சன் சாப்மன் என்ற படகு குண்டு வெடித்து மூழ்கி ஆப்பிரிக்கர்கள் சுமார் 40 பேர் செத்தார்கள். ஒரு தலைமுறை முழுக்க ஆறாத புண் இது. தேர்தல் முறையை பிரிட்டன் விகிதாசாரத்துக்கு மாற்றியது, ஜகன் அதிக வாக்கு வாங்கியும் கூட்டணி அமைத்து பர்ன்ஹாம் ஆட்சிக்கு வந்தார். 1966 மே 26இல் சுதந்திரம் கிடைத்தபோது ஆட்சியில் இருந்தது அவர்தான்.

அதற்குப் பிறகு 1968 முதல் 1985 வரை நடந்த தேர்தல்கள் எல்லாம் மோசடி. பாக்சைட், சர்க்கரை எல்லாவற்றையும் அரசுடைமை ஆக்கினார், 1976இல் புக்கர் வெளியேறியது. அதில் நியாயம் இருந்தது என்றே நினைக்கிறேன், நிர்வாகத்தைக் கட்சிக்காரர்களிடம் கொடுத்ததில் இல்லை. அந்நியச் செலாவணி தீர்ந்துபோனதும் 1980களில் கோதுமை மாவு இறக்குமதிக்குத் தடை போட்டார். ரொட்டியும் பிரெட்டும் இல்லாத நாடு. எல்லை தாண்டி மாவு கடத்தினார்கள், பிடிபட்டால் வழக்கு. அரிசி மாவில் ரொட்டி சுடக் கற்றுக்கொண்டார்கள். முடிந்தவர்கள் நியூயார்க்குக்கும் டொராண்டோவுக்கும் கிளம்பிவிட்டார்கள். இன்று குயின்ஸ் பகுதியின் ரிச்மண்ட் ஹில்லில் ஒரு சிறு கயானாவே இருக்கிறது. இரண்டு இனத்துத் தொழிலாளர்களையும் மறுபடி ஒன்றுசேர்க்க முயன்ற வால்டர் ராட்னி 1980 ஜூன் 13 அன்று காரில் குண்டு வெடித்துக் கொல்லப்பட்டார். அப்போது அவருக்கு 38 வயது. நேர்மையான தேர்தல் 1992இல்தான் வந்தது, ஜகன் 28 வருடம் கழித்து மீண்டும் ஆட்சிக்கு வந்தார்.

சர்க்கரை சரிந்தது, எண்ணெய் வந்தது

கயானாச் சர்க்கரையை நெடுங்காலம் தாங்கிப் பிடித்தது ஐரோப்பா கொடுத்த உயர்ந்த விலை. 2006 முதல் அந்த விலையை 36 சதவீதம் குறைத்தார்கள். அதைச் சமாளிக்கப் பெரும் செலவில் 2009இல் திறந்த ஸ்கெல்டன் ஆலை எதிர்பார்த்தபடி ஓடவே இல்லை. 2000களின் தொடக்கத்தில் வருடம் 3 லட்சம் டன்னுக்கு மேல் இருந்த உற்பத்தி அண்மை வருடங்களில் ஒரு லட்சம் டன்னைக்கூட எட்டவில்லை. 2016, 2017இல் நான்கு தோட்டங்களை மூடி ஏழாயிரம் பேர் வரை வீட்டுக்கு அனுப்பினார்கள். மூடியவற்றில் என்மோரும் ஒன்று.

அதே காலத்தில் கடலுக்கு அடியில் வேறு கதை. 2015 மே மாதம் எக்ஸான்மொபில் ஸ்டாப்ரூக் பகுதியில் எண்ணெய் கண்டது. 2019 டிசம்பர் 20இல் முதல் எண்ணெய் வந்தது. எடுக்கக்கூடிய அளவு 1,100 கோடி பீப்பாய் என்கிறார்கள். 2022இல் பொருளாதாரம் 60 சதவீதத்துக்கு மேல் வளர்ந்தது, 2024இல் 40 சதவீதத்துக்கு மேல். அந்த வருடம் நாளொன்றுக்கு 6 லட்சம் பீப்பாய்க்கு மேல் எடுத்தார்கள்.

சரி, நாட்டுக்கு என்ன கிடைக்கிறது? 2016இல் போட்ட ஒப்பந்தம் இப்படி: எடுக்கும் எண்ணெயில் 2 சதவீதம் அரசுக்கு உரிமத்தொகை. மாத வருவாயில் 75 சதவீதம் வரை நிறுவனங்கள் தங்கள் செலவுக்கு ஈடாக எடுத்துக்கொள்ளலாம். மீதி 25ஐ ஆளுக்குப் பாதி. ஆக அரசின் பங்கு 12.5 சதவீதமும் அந்த 2 சதவீதமும் சேர்ந்து 14.5. நிறுவனங்கள் கட்ட வேண்டிய வருமான வரியையும் அரசு தன் பங்கிலிருந்தே கட்டியதாகக் கணக்கு. ஒரு கிணற்றின் வருவாயிலிருந்து இன்னொரு கிணற்றின் செலவையும் கழித்துக்கொள்ளலாம் என்பதால், புதுப்புது வயல் திறக்கத் திறக்க செலவுக் கணக்கு தீர்வது தள்ளிப்போகிறது. பிற பகுதிகளுக்கு 2023இல் அரசே தயாரித்த மாதிரி ஒப்பந்தத்தில் உரிமத்தொகை 10 சதவீதம், செலவு வரம்பு 65, கூடவே 10 சதவீத நிறுவன வரி. பழையது எவ்வளவு மோசம் என்பதற்கு இந்தப் புதியதே சாட்சி. முதல் உடன்பாட்டை 1999இல் போட்டது ஒரு கட்சி, 2016இல் புதுப்பித்தது மற்ற கட்சி. எதிர்க்கட்சியாக இருக்கும்போது திருத்தக் கேட்கிறார்கள், ஆட்சிக்கு வந்தால் ஒப்பந்தத்தின் புனிதம் பேசுகிறார்கள்.

கையெழுத்துப் பரிசாக வந்த 1.8 கோடி டாலரை அரசு ஒரு வருடத்துக்கு மேல் வெளியே சொல்லவில்லை. அதில் பெரும்பகுதி சர்வதேச நீதிமன்றத்தில் எல்லை வழக்கு நடத்துவதற்கு என்று விளக்கம் வந்தது. வழக்கு எஸ்ஸெக்கிபோ பற்றியது. கயானாவின் மூன்றில் இரண்டு பங்கு நிலம். 1899 பாரிஸ் தீர்ப்பு அதை பிரிட்டிஷ் கயானாவுக்குக் கொடுத்தது, 1962இல் வெனிசுவேலா அந்தத் தீர்ப்பே செல்லாது என்றது. 2023 டிசம்பரில் அதை இணைத்துக்கொள்ள மக்கள் வாக்கெடுப்பும் நடத்தியது. கயானாவில் இரண்டு இனமும் இரண்டு கட்சியும் ஒரே குரலில் பேசும் விஷயம் இது ஒன்றுதான்.

பணம் கண்ணுக்குத் தெரிகிறது. ஜார்ஜ்டவுனில் ஹோட்டல்கள், சாலைகள். டெமரரா ஆற்றின் மேல் 1978இலிருந்து இருந்த மிதவைப் பாலத்துக்குப் பதிலாக உயர்ந்த புதிய பாலம். 18 வயது நிரம்பிய ஒவ்வொருவருக்கும் ஒரு லட்சம் கயானா டாலர் ரொக்கம் தருவதாக 2024இல் அறிவித்தார்கள், பல்கலைக்கழகக் கட்டணம் ரத்தானது. விலைவாசியும் வீட்டு வாடகையும் ஏறியதால் சம்பளக்காரர்கள் புலம்புகிறார்கள், அதுவும் உண்மை.

ஆனால் எனக்குக் கவலை தருவது, பணத்தின் சாவி யாரிடம் என்பது. 2020 மார்ச் தேர்தலின் முடிவை அறிவிக்க ஆகஸ்ட் ஆகிவிட்டது. ஐந்து மாத இழுபறி, மறு எண்ணிக்கை. 65 இடங்களில் 33 வாங்கியவர்கள் முழு அதிகாரத்தையும் எடுத்துக்கொண்டார்கள், ஏனென்றால் அரசியல் சட்டம் அப்படி. அதிக வாக்கு வாங்கிய பட்டியலின் தலைவர் அதிபர், இரண்டாம் சுற்றும் கிடையாது, பங்கீடும் கிடையாது. எண்ணெய் வருமானம் சேரும் நிதியத்தின் இயக்குநர்களை நியமிப்பதும் அதிபர். 2021 டிசம்பர் 29 அன்று அந்த நிதியத்துக்கான சட்டத்தை நாடாளுமன்றத்தில் நிறைவேற்றியபோது எதிர்க்கட்சி உறுப்பினர்கள் அவையின் செங்கோலைப் பறிக்கும் அளவுக்கு ரகளையானது.

என்மோரில் வேலை இழந்த கரும்புத் தொழிலாளி, தங்களைத் துரத்தியது ஆப்பிரிக்கர்களின் ஆட்சி என்று சொல்கிறார். பாக்சைட் நகரமான லிண்டனில் 2012 ஜூலையில் மின்கட்டண உயர்வை எதிர்த்த கூட்டத்தின் மேல் துப்பாக்கிச் சூடு நடந்து மூன்று பேர் இறந்தார்கள், அது இந்தியர்களின் ஆட்சி என்று அந்த ஊர் சொல்கிறது. இரண்டு ஊரும் வருமானத்துக்கு ஒரே தொழிலை நம்பி, அது சரிந்ததும் கைவிடப்பட்ட ஊர்கள். லிண்டனின் ஒரு பகுதிதான் 1964இல் எரிந்த அந்த விஸ்மர். அரசியல் சட்டச் சீர்திருத்த ஆணையம் ஒன்று 2024இல் பதவியேற்றது. நிதியத்தின் இயக்குநர்களை இரண்டு தரப்பும் ஒப்புக்கொண்டு நியமிக்கும் முறை அதன் மேசையில் முதல் காகிதமாக இருக்க வேண்டும், வென்றவனுக்கே எல்லாம் என்ற விதி இரண்டாவதாக.